வாயருகே போன பால்

பெரம்பலூர் ஆஸ்பத்திரியில் டாக்டர் நந்தினி ஒளிக்காமல் சொல்லிவிட்டார். அய்யம்பெருமாளின் மூளைக்குள் ரத்தம் கசிந்திருக்கிறது. இனி நினைவு திரும்பாது. மூச்சு ஓடுவது மிஷினால்தான்.

"ரெண்டு டாக்டர் குழு தனித்தனியா பாத்து ஒத்துக்கிட்டு, குடும்பமும் சம்மதிச்சா, சட்டப்படி இங்கயே மிஷினை எடுக்கலாம். திணறல் தெரியாம இருக்க மருந்து கொடுப்போம்."

மகள் சிவரஞ்சனி தலையாட்டினாள். சித்தப்பா மதுரைவீரன் கேட்கவில்லை.

"குழு வர்ற வரைக்கும் அண்ணன் இங்க கெடக்கணுமா? உசுரு நம்ம வூட்லதான் போவணும்."

தாயில்லாத வீட்டில் அவர் பேச்சுதான் எடுபட்டது. சொந்தப் பொறுப்பில் கூட்டிப்போவதாகக் கையெழுத்துப் போட்டுவிட்டு அப்பாவைக் கீழப்பழுவூருக்குக் கொண்டுவந்தார்கள். ஆம்புலன்ஸில் கூட வந்த ஆஸ்பத்திரி ஆள் தொண்டைக் குழாயை எடுத்துவிட்டு வெளியே போய் நின்றுகொண்டார்.

தெருவில் பந்தல்கூடப் போட்டாகிவிட்டது. மூச்சு நிற்கவில்லை. நெஞ்சு எகிறி எகிறி இறங்கியது. தொண்டையில் கரகரவென்று சத்தம். குழாயை எடுத்தால் தூங்குவதுபோல அடங்கிவிடுவார் என்றல்லவா சிவரஞ்சனி நினைத்திருந்தாள். வெயில் தாழ்ந்தும் அதே சத்தம். அழ வந்தவர்கள் அழ முடியாமல் உட்கார்ந்திருந்தார்கள்.

சித்தப்பா ஒரு டம்ளர் பாலோடு வந்தார்.

"தலையப் புடிம்மா. நாலு மடக்கு உள்ள போனா அடங்கிடும்."

அவள் பிடித்தாள். கழுத்துக்கடியில் கைகொடுத்து நிமிர்த்தியும் விட்டாள். பால் உதட்டைத் தொட்டபோதுதான், தான் எதற்குக் கைகொடுக்கிறோம் என்பது உறைத்தது. டம்ளரைத் தட்டிவிட்டாள்.

"என்னம்மா இது? எல்லாரும் செய்யறதுதான."

"மிஷினை எடுத்தது வேற, சித்தப்பா. இது மூச்ச அடைக்கிறது."

"அண்ணன் படற பாட்ட என்னால பாக்க முடியல," என்றார் அவர்.

சிவரஞ்சனி டாக்டருக்குப் போன் போட்டாள். பால் ஊற்றப் பார்த்ததைக் கோவையில்லாமல் சொன்னாள். டாக்டர், "யாரும் வாயில எதையும் ஊத்தாதீங்க. ஆள் அனுப்புறேன்," என்றார்.

இருட்டுவதற்குள் ஒரு நர்ஸ் வந்தார். அப்பாவை ஒருக்களித்துப் படுக்கவைத்து, வாயைத் துடைத்து, டாக்டரிடம் பேசிவிட்டு ஊசி போட்டார். கரகரப்பு மெல்லக் குறைந்தது.

"இத ஆஸ்பத்திரிலயே செஞ்சிருப்பாங்களா?" என்று கேட்டார் சித்தப்பா.

"ஆமாங்க," என்றார் நர்ஸ்.

சித்தப்பா சுவரோரம் போய் உட்கார்ந்துகொண்டார்.

காலையில் அப்பாவின் மூச்சு சத்தமில்லாமல் நின்றது. அருகில் இருந்தவர்கள் அவளும் சித்தப்பாவும்தான். இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை.