மடியில் கேட்ட வார்த்தை

கவிப்ரியா என்ன வேலை பார்க்கிறாள் என்று அந்த வீட்டில் யாருக்கும் சரியாகத் தெரியாது. மாமியார் பிரகதாம்பாளைக் கேட்டால், "மருமவ கம்ப்யூட்டர் கம்பெனில இருக்கா. வீட்டுலேருந்தே வேலை" என்று மன்னார்குடி பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரியிடம்கூடப் பெருமையடித்துக்கொள்வாள். சிங்கப்பூரில் இருக்கும் கணவன் ராம்கிக்கும் அவ்வளவுதான் தெரியும். முழுசாகத் தெரிந்திருந்தால் மறுநாளே லேப்டாப்பை மூடச் சொல்லியிருப்பான்.

வேலை இதுதான். இன்டர்நெட்டில் வீடியோக்களுக்குக் கீழே ஜனங்கள் எழுதுகிற கமென்ட்டுகள் வரிசையாக அவள் முன்னால் வந்து விழும். எது வெறும் கோபம், எது வசவு, எது சுத்த அசிங்கம் என்று ரகம் பிரித்துக் குறிக்க வேண்டும். திட்டுவதற்கு நம் ஜனங்களுக்குக் காரணமா வேண்டும்? கேட்சை விட்ட கிரிக்கெட் ஆட்டக்காரனைத் திட்டுவது போகட்டும்; சாம்பாரில் வெல்லம் போட்டுக் காட்டிய அம்மாளைக்கூட விடுவதில்லை. அந்த அம்மாளைப் பெற்றவளையும் சேர்த்து இழுப்பார்கள். அதையெல்லாம் இங்கே எழுதினால் இந்தக் கதையை நீங்கள் வீட்டில் வைத்துக்கொள்ள முடியாது. அச்சில் போடத் தக்கதாக, எல்லாவற்றையும்விட அதிகமாக வருவதாக ஒன்று உண்டு. 'நாசமாப் போ.'

இதில் ஒரு சங்கடம். முக்கால்வாசிப் பேர் தமிழை ஆங்கில எழுத்தில்தான் தட்டுகிறார்கள். அதுவும் அவரவர் இஷ்டத்துக்கு. கண்ணால் பார்த்தால் மண்ணும் விளங்காது. வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தால்தான் இன்ன வார்த்தை என்று பிடிபடும். கவிப்ரியாவும் ஒவ்வொன்றையும் சொல்லித்தான் பார்த்தாள். அடுப்படியில் இருக்கும் மாமியார் காதில் விழுந்துவிடக் கூடாதே என்று குரலைத் தாழ்த்தி, இழுத்து, கிட்டத்தட்டப் பாடுகிற மாதிரி சொல்வாள். மடியில் மகள் இதழினி கிடப்பாள். ஒரு கை மௌஸில் இருக்கும். இன்னொரு கை பிள்ளையின் முதுகைத் தட்டிக்கொண்டிருக்கும். கைக்குழந்தையிலிருந்தே இதழினிக்கு இது பழக்கம்.

அந்த இதழினிக்கு இப்போது இரண்டரை வயது முடிந்துவிட்டது. இன்னும் ஒரு வார்த்தை பேசவில்லை. கூப்பிட்டால் திரும்புவாள், பூனையைக் கண்டால் கை நீட்டுவாள், சொன்னதையெல்லாம் புரிந்துகொள்வாள். ஆனால் 'அம்மா' என்றுகூட வாய் திறக்கவில்லை. பிரகதாம்பாள் வசம்பு உரைத்து நாக்கில் தடவிப் பார்த்தாள். "ராம்கியும் லேட்டாத்தான் பேசுனான்" என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் முந்திக்கொண்டு சொன்னாள். வந்தவர்கள் தலையை ஆட்டிவிட்டுக் குழந்தையை ஒரு மாதிரி பார்த்தால், கவிப்ரியா பிள்ளையைத் தூக்கிக்கொண்டு உள்ளே போய்விடுவாள்.

ஒருநாள் காலையில் பால் பொங்கி அடுப்பில் வழிந்தது. ஓடிப்போய் அடுப்பை அணைத்தவளின் வாயிலிருந்து ஒரு வார்த்தை விழுந்தது. 'நாசமாப் போ' இல்லை, அதைவிட இரண்டு படி கீழே. அவள் பிறந்த வீட்டில் 'சனியன்' என்று சொன்னாலே அப்பா சாப்பாட்டுத் தட்டிலிருந்து எழுந்துவிடுவார். நல்லவேளை, மாமியார் கொல்லையில் இருந்தாள். அடுப்படி வாசலில் இதழினி மட்டும் நின்றுகொண்டிருந்தாள். அம்மாவின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அடுத்த வாரம் தஞ்சாவூரில் பேச்சுப் பயிற்சி தருகிற ஷமீரா என்ற பெண்ணிடம் குழந்தையைக் காட்டினார்கள். அவள் பொம்மையைக் கொடுத்து, மணியை அடித்து, ஒளிந்து விளையாடி, ஒரு மணி நேரம் பார்த்தாள்.

"காது நல்லா கேக்குது. புத்தியும் நல்லா இருக்கு. சில புள்ளைங்க சேத்து வச்சுக்கிட்டே இருக்கும், ஒருநாள் திறக்கும். பயப்படாதீங்க" என்றாள் ஷமீரா.

பிரகதாம்பாள் கையெடுத்துக் கும்பிட்டாள். "மொத மொத என்னம்மா பேசும்?"

"எது காதுல நிறைய விழுந்திருக்கோ, அதுதாங்க பெரும்பாலும் மொதல்ல வரும். வீட்டுல இவகூட யாரு நிறைய பேசுவீங்க?"

"அவ அம்மாதான். நாள் பூரா மடியிலயே வச்சிருப்பா."

"அப்ப கவலையே வேணாம்" என்று சிரித்தாள் ஷமீரா.

கவிப்ரியா குழந்தையைத் தூக்கிக்கொண்டு முதல் ஆளாக வெளியே வந்தாள். மன்னார்குடி திரும்புகிற வரைக்கும் பஸ் ஜன்னலில் நடவு வயல்கள் ஓடிக்கொண்டிருந்தன. அவள் ஒன்றையும் பார்க்கவில்லை. நாள் பூரா மடியில் போட்டுக்கொண்டு தான் என்ன பேசினோம் என்று மனசுக்குள் ஓட்டிப் பார்த்தாள். சோறு ஊட்டும்போது நாலு வார்த்தை இருக்கும். குளிப்பாட்டும்போது நாலு வார்த்தை. மற்ற நேரமெல்லாம் ஊரான் வீட்டுச் சாக்கடை.

அன்றிலிருந்து அவள் வாய்விட்டுப் படிப்பதை நிறுத்தினாள். உதட்டை மட்டும் அசைத்துப் பார்த்தாள். தப்புத் தப்பாக வந்தது. கம்பெனியிலிருந்து இரண்டு முறை எச்சரித்தார்கள். போகட்டும் என்று விட்டுவிட்டு, மிச்ச நேரமெல்லாம் மகளோடு பேசத் தொடங்கினாள். அம்மா, நிலா, பால், காக்கா, அப்பா. ஒவ்வொன்றையும் திரும்பத் திரும்பச் சொன்னாள். உள்ளே இறங்கிக் கிடக்கும் அழுக்கை மேலே நல்ல தண்ணீர் விட்டே கழுவிவிடலாம் என்கிற மாதிரி. குரலை உயர்த்தி, கண்ணை அகல விரித்து, ஷமீரா சொல்லிக் கொடுத்தபடியே சொன்னாள். இதழினி அம்மாவை ஏதோ வேற்று மனுஷியைப் பார்ப்பதுபோலப் பார்த்தாள்.

பிள்ளை வாயைத் திறந்தாலே கவிப்ரியாவுக்குத் திக்கென்றது. கொட்டாவி விட்டாலும் பதறினாள். பேசிவிடாதா என்று ஏங்குவதும், ஐயோ இப்போது பேசிவிடாதே என்று வேண்டுவதும் ஒரே நொடியில் நடந்தன. பெற்ற பிள்ளையின் பேச்சுக்குப் பயப்படுகிற தாய் உலகத்தில் தான் ஒருத்தியாகத்தான் இருக்கும் என்று நினைத்துக்கொண்டாள். ராம்கி வீடியோ காலில் வந்து, "இதழி, அப்பா சொல்லு, அப்பா" என்று கெஞ்சும்போதெல்லாம் போனைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டாள். அவனுக்குக் கோபம் வந்தது. "புள்ளைய நல்லாப் பாக்கக்கூட விட மாட்டேங்குறே" என்றான்.

இந்த லட்சணத்தில் நாத்தனார் பரிதிக்கு வளைகாப்பு வந்தது. பரிதிக்கு முதல் இரண்டும் தங்கவில்லை. இது ஏழாம் மாதம். வீடே அவளை உள்ளங்கையில் வைத்துத் தாங்கிக்கொண்டிருந்தது. அவள் எதிரில் தும்மக்கூட எல்லாரும் யோசித்தார்கள். மன்னார்குடியில் ஒரு சின்ன மண்டபம் பிடித்திருந்தார்கள். குழந்தையைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டு வரலாமா என்று கவிப்ரியா மெல்லக் கேட்டுப் பார்த்தாள்.

"வீட்டுக்கு ஒரே பேத்தி. அவ இல்லாம என்ன வளைகாப்பு? சம்பந்தி வீட்டுல கேட்டா என்ன சொல்றது?" என்றாள் பிரகதாம்பாள்.

மண்டபத்தில் பரிதி கன்னத்திலும் கையிலும் சந்தனத்தோடு நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். பெண்கள் ஒவ்வொருவராக வந்து குங்குமம் வைத்து, கண்ணாடி வளையல் போட்டு, "நல்லபடியா பெத்துப் பொழைக்கணும்" என்று வாழ்த்திவிட்டுப் போனார்கள். கவிப்ரியா இதழினியை இடுப்பைவிட்டு இறக்காமல் பின்வரிசையில் நின்றாள். இன்னும் கொஞ்ச நேரம்தான். பந்தி போட்டுவிட்டால் எல்லாரும் கலவைச் சாதத்தில் இறங்கிவிடுவார்கள், தப்பித்துவிடலாம் என்றிருந்தாள்.

பரிதிதான் கூப்பிட்டாள். "அண்ணி, இதழியக் கொண்டாங்க. அவ கையால ஒரு வளையல் போட்டுக்கணும்."

எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். யாரோ வழி விட்டார்கள். யாரோ குழந்தையை வாங்கி முன்னால் நிறுத்தினார்கள். கவிப்ரியாவின் கை வெறுமனே நீட்டியபடி நின்றது. இதழினி கையில் ஒரு பச்சை வளையலைக் கொடுத்து, பிரகதாம்பாள் பின்னால் இருந்து பிடித்துக்கொண்டு போட வைத்தாள். பெண்கள் சிரித்தார்கள். பரிதி குனிந்து குழந்தையின் நெற்றியில் முத்தமிட்டாள்.

இதழினி அத்தையின் வயிற்றில் கை வைத்தாள். மெல்லத் தட்டினாள். தட்டிக்கொண்டே, தெளிவாக, "நாசமாப் போ" என்றாள்.

வளையல் போட நின்றிருந்த பெண்கள் ஓர் எட்டுப் பின்னால் நகர்ந்தார்கள்.

கவிப்ரியாவின் நெஞ்சில் முதலில் வந்தது வெட்கமில்லை, சந்தோஷம். பேசிவிட்டாள். என் பிள்ளை பேசிவிட்டாள். அந்தச் சந்தோஷம் கண் இமைக்கும் நேரம்தான் நின்றது. அதற்குள் பிரகதாம்பாளின் கை குழந்தையின் வாய்க்கு நேராக ஓங்கிவிட்டது. கவிப்ரியா பாய்ந்துபோய் அந்தக் கையைப் பிடித்தாள். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து மாமியாரின் கையை அவள் தொட்டுப் பேசியதுகூட இல்லை.

"அடிக்காதீங்க அத்தை. அவ திட்டல."

"திட்டாம? வாய மூடிக்கிட்டு இருக்குற புள்ளைன்னு பாத்தா, மொத வார்த்தையே வயித்துப் புள்ளைக்குச் சாபமா? எங்கேடி கத்துக்கிச்சு இத?"

"எங்கிட்டதான்."

பரிதியின் மாமியார் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டாள். இதழினி யாரையும் பார்க்கவில்லை. அவள் பாட்டுக்குத் தட்டிக்கொண்டிருந்தாள். தாழ்ந்த குரலில், இழுத்து, கிட்டத்தட்டப் பாடுகிற மாதிரி, மறுபடியும் அதையே சொன்னாள். அது யாரையும் திட்டுகிற குரல் இல்லை. மடியில் போட்டுத் தட்டுகிற குரல். மகளுக்குத் தெரிந்த ஆராரோ அது ஒன்றுதான். அத்தை வயிற்றுப் பிள்ளைக்குத் தன்னிடம் இருந்த நல்லதை எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தாள்.

"என் வேலையில இதையெல்லாம் படிக்கணும் அத்தை. மடியில போட்டுத் தட்டிக்கிட்டே படிப்பேன். அவளுக்கு அதுக்கு அர்த்தம் தெரியாது. நான் தூங்கப் போடுறேன்னு நெனச்சிக்கிட்டிருக்கா. பரிதி, உன் வயித்துப் புள்ளைக்குத் தாலாட்டுறாம்மா அவ."

பரிதி கேட்டுக்கொண்டுதான் இருந்தாள். புரிந்தும் இருக்கும்; படித்த பெண், கெட்டிக்காரி. ஆனால் அவள் முகத்தில் ரத்தமே இல்லை. இரண்டு கையாலும் நாற்காலியின் பிடியை இறுக்கிக்கொண்டிருந்தாள்.

"அண்ணி, அவ கைய எடுக்கச் சொல்லுங்க" என்றாள்.

அதில் கோபம் இருந்தால்கூடத் தாங்கியிருக்கலாம். வெறும் பயம்தான் இருந்தது. கவிப்ரியாவுக்கு அவள்மேல் வருத்தமே வரவில்லை. அவள் இடத்தில் தான் இருந்திருந்தாலும் அப்படித்தான் சொல்லியிருப்பாள். குனிந்து மகளின் கையைப் பிடித்து விலக்கினாள், தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். பின்னால் யாரோ பரிதிக்குத் திருஷ்டி சுற்ற உப்பும் மிளகாயும் கேட்டார்கள். யாரோ, "மொத வார்த்தைய அப்புடியே அதட்டி மறக்க அடிச்சிடணும், இல்லன்னா ஒட்டிக்கும்" என்று யோசனை சொன்னார்கள். கவிப்ரியா எல்லார் நடுவிலும் புகுந்து வெளியே வந்தாள்.

மண்டபத்து வாசலில் செருப்புகள் குவிந்து கிடந்தன. அவற்றுக்கு நடுவே, படியிலேயே உட்கார்ந்தாள். அதட்ட வேண்டும் என்று அவளுக்கும் தெரிந்தது. 'தப்பு, சொல்லக் கூடாது' என்று கண்ணை உருட்டி ஒரு தடவை சொன்னால் போதும். இந்தக் குழந்தை புரிந்துகொள்ளும். புரிந்துகொண்டு வாயை மூடிக்கொள்ளும். மறுபடி எப்போது திறக்கும் என்று யாரும் சொல்ல முடியாது.

இதழினி அம்மாவின் ஈரக் கன்னத்தைப் பார்த்தாள். பிஞ்சுக் கையால் அவள் தோளில் தட்டத் தொடங்கினாள்.

கவிப்ரியா மண்டபத்துக் கதவை ஒருமுறை திரும்பிப் பார்த்துக்கொண்டாள். பிறகு மகளின் வாயருகே காதைக் கொண்டுபோனாள்.

"சொல்லுடா கண்ணு" என்றாள். "அம்மாவுக்கும் சொல்லு."