ரீனுஸின் இமைகள்

ரீனுஸ் கண் விழிப்பதற்கு முன்பே வில்லமீன் அவன் இமைகளைப் பார்த்துவிடுவாள். கட்டிய கணவனின் முகத்தை ஆசையாகப் பார்க்கிறாள் என்று யாராவது நினைத்தால் அது அவர்களுடைய நல்ல மனசு. துறைமுகத்தில் சுங்கக்காரன் பெட்டியைப் பார்ப்பானே, அந்தப் பார்வை அது.

மார்ச் தொடங்கியதிலிருந்து இமைகள் வீங்கியிருந்தன. மேலிமை புளித்த மாவாக உப்பி, கண் திறந்தால் ஒரு கோடுதான் தெரியும். பத்து மணிவாக்கில் தானாக வடிந்துவிடும். மறுநாள் காலை மறுபடியும் வந்து உட்கார்ந்துகொள்ளும். வில்லமீனுக்கு அந்த இமைகளோடு பழைய பழக்கம் உண்டு. அவன் குடித்த காலத்தில் அவள் தினமும் பார்த்து எழுந்த இமைகள் அவை.

ரீனுஸ் வீடுகளுக்கு வர்ணம் அடிப்பவன். ஃப்ளிஸ்ஸிங்கன் ஊரில் கடல்காற்று ஜன்னல் சட்டங்களைத் தின்றுகொண்டே இருப்பதால் குளிர்காலம் போக மற்ற நாளில் அவனுக்கு வேலைக்குப் பஞ்சமில்லை. ஒரு காலத்தில் குடிக்கும் பஞ்சமில்லாமல்தான் இருந்தது. வர்ணம் கரைக்கிற டர்பன்டைன் டப்பாவைக் கழுவி அதில் ஜெனேவர் சாராயத்தை ஊற்றி வைத்துக்கொள்வான். இரண்டுக்கும் நிறம் கிடையாது. வீட்டுக்காரி உள்ளே இவனுக்குக் காப்பி போட்டுக்கொண்டிருக்க, ஐயா ஏணி உச்சியில் நின்று பட்டப்பகலில் டப்பாவில் வாய் வைத்துக் குடிப்பார். ஒருநாள் ஏணி இருந்த இடத்திலேயே இருந்தது, இவன்தான் கீழே வந்தான். காறை எலும்பு முறிந்தது.

ஆஸ்பத்திரியில் வைத்து வில்லமீன் சொன்னாள். "இன்னொரு தடவை குடிச்சேன்னு வை, மிடில்பர்க்ல அக்கா வீட்டுக்குப் போயிடுவேன். திரும்பி வர மாட்டேன், ரீனுஸ். கத்தக்கூட மாட்டேன். போயிடுவேன்."

"சரி. ஆனா நீயும் என்னை மோந்து பாக்கறதை விட்டுடணும். டப்பாவைக் குடையறது, சட்டைப் பையைத் துழாவறது, எல்லாத்தையும். திருடனாட்டம் சொந்த வீட்டுல நடமாட என்னால முடியாது."

சரி என்றாள். அவன் குடியைத் தலைமுழுகினான், அவள் மோப்பத்தைத் தலைமுழுகினாள். இரண்டு வருஷம் ஓடிவிட்டது. அதற்குள் நன்றாகவே வாழப் பழகிவிட்டிருந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை கடற்கரை அணைமேல் சைக்கிள் விட்டார்கள். அக்கா வீட்டுக்குப் போவதென்றால் இரண்டு பேருமாகப் போனார்கள்.

இப்போது இந்த இமைகள். கேட்கவும் முடியாது, கேட்டால் சந்தேகப்பட்டதாக ஆகிவிடும். கேட்காமலும் இருக்க முடியாது. வில்லமீனுக்கு நின்றால் நிற்க முடியவில்லை, உட்கார்ந்தால் உட்கார முடியவில்லை. அவள் வேலை பார்த்த ரொட்டிக் கடையில் தப்பான சில்லறை கொடுத்தாள், கோதுமை ரொட்டி கேட்டவருக்குக் கறுப்பு ரொட்டியை வெட்டி வைத்தாள்.

"என்னடி உனக்கு?" என்றாள் கூட வேலை பார்த்த கோபா. ஊரில் எந்த வியாதிக்கும் அவளிடம் ஒரு மருந்து இருக்கும், எந்த வீட்டுக் கதையும் அவள் காதுக்கு வந்துவிடும்.

"ரீனுஸுக்குக் கண்ணு வீங்குது. காலையில மட்டும்."

"பாத்தேனே. தவளை எட்டிப் பாக்கற மாதிரி வேன் ஓட்டிட்டுப் போனான்." கோபா குரலைத் தாழ்த்தினாள். "ஏண்டி, மறுபடியும்..."

"மகரந்தம்," என்றாள் வில்லமீன் பட்டென்று. "மரமெல்லாம் பூக்குதில்ல?"

"அப்படின்னா சரி," என்று கோபா நம்பாமலே வைத்தியத்தில் இறங்கினாள். கரண்டியை உறைபெட்டியில் வைத்துக் கண்ணில் ஒற்று. தேயிலைப் பையை நனைத்து ஆறவைத்துப் போடு. தலையணையை உயர்த்து, தண்ணீர் முகத்துக்கு ஏறாது. உப்பை நிறுத்து. ராத்திரி ஹெர்ரிங் மீன் கூடவே கூடாது.

வில்லமீன் ஒன்றைக்கூட விடவில்லை. மறுநாள் காலை சாப்பாட்டு மேசையில் ரீனுஸ் இரண்டு கண்ணிலும் கரண்டியை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

"சூப்பு எங்க?" என்றான்.

"பேசாம இரு. விழுந்துடும்."

"வேலைக்கு இப்படியே போகவா? ஏணிமேல கரண்டியோட நின்னா கூலி அதிகம் கேக்கலாம்."

அவள் சிரித்தாள். சிரித்துக்கொண்டே, கரண்டிக்குக் குனிகிற சாக்கில், அவன் மூச்சை முகர்ந்தாள். காப்பி வாசனையும் வேறென்னவோ இனிப்பு வாசனையும்தான் வந்தது. எங்கே போய்ப் பொறுக்கினேன் இந்தப் புத்தியை என்று தன்னையே திட்டிக்கொண்டாள். ஆனால் புத்தி அடங்கவில்லை. வாசனையை மறைக்கத்தானே இனிப்பு என்று அது அடுத்த கேள்வியைப் போட்டது.

தேயிலைப் பை அவன் வெள்ளை வேலைச் சட்டையைக் கறையாக்கியது. இரட்டைத் தலையணை கழுத்தைப் பிடித்துக்கொண்டது. மீன் போயிற்று, பாலாடைக்கட்டி காகிதம்போல மெலிந்தது. இமைகள் மட்டும் அசைந்துகொடுக்கவில்லை. ஒவ்வொரு காரணமாகக் கழித்துக்கொண்டே வந்தால் கடைசியில் மிஞ்சுவது எது என்று அவளுக்குத் தெரியாதா?

ஒரு புதன்கிழமை மத்தியானம் அவன் வேலைக்குப் போயிருந்தபோது அவள் தோட்டத்துக் கொட்டகையைத் திறந்தாள். கொடுத்த வாக்கு அங்கேயே கதவடியில் கிடந்தது. டப்பா டப்பாவாகத் திறந்து முகர்ந்தாள். எல்லாம் அசல் டர்பன்டைன். மூக்கு எரிந்து, கண் எரிந்து, தண்ணீர் கொட்டியது. தூரிகை வாளிக்குப் பின்னால், கருவிப் பெட்டிக்குள், மழைக்கோட்டுப் பையில் எங்கும் கை விட்டாள். கையில் அகப்பட்டதெல்லாம் ட்ரோப் மிட்டாய்ப் பைகள். அதிமதுரச் சாறும் உப்பும் காய்ச்சிச் செய்கிற அந்தக் கறுப்பு மிட்டாய் அந்த நாட்டில் எந்த வீட்டில் இல்லை? பைகளைத் தள்ளித் தள்ளிவிட்டு, அவற்றுக்குப் பின்னால் பாட்டிலைத் தேடினாள். கழிப்பறைத் தொட்டியைத் திறந்தாள். பழைய சைக்கிள் பையையும் கவிழ்த்தாள். அதிலும் ட்ரோப்தான்.

பாட்டில் இல்லை. நிம்மதி வந்திருக்க வேண்டும், வரவில்லை. முன்பைவிடக் கெட்டிக்காரனாகிவிட்டான் என்றுதான் தோன்றியது. சாயங்காலம் வீட்டுக்கு வந்த ரீனுஸ் அவள் முகத்தைப் பார்த்து நின்றான்.

"என்னாச்சு? உனக்கும் ஒட்டிக்கிச்சா?"

"வெங்காயம் நறுக்கினேன்."

அடுப்பில் பட்டாணி சூப்பு கொதித்துக்கொண்டிருந்தது. நறுக்கிய வெங்காயம் எங்கே என்று அவன் கேட்கவில்லை. கோட்டைக் கழற்றக் கொட்டகைப் பக்கம் போனவன் திரும்பி வரக் கொஞ்சம் நேரமாயிற்று.

அவள்தான் டாக்டரிடம் இழுத்துப் போனாள். டாக்டர் போட்டெ என்ற அந்த அம்மாள் சுருக்கமாகப் பேசுகிறவள். தூக்கம் எப்படி, கண்ணைக் கசக்குவீர்களா, உப்பு எவ்வளவு, சிறுநீர் ஒழுங்காகப் போகிறதா என்று வரிசையாகக் கேட்டாள். எல்லாவற்றுக்கும் ரீனுஸ் நல்ல பிள்ளையாகப் பதில் சொன்னான். வழக்கமாகக் கொஞ்ச நாள் பொறுத்துப் பாருங்கள் என்று அனுப்பிவிடுகிறவள், ரத்த அழுத்தத்தைப் பார்த்ததும் புருவத்தைச் சுருக்கி, ரத்தம் எடுக்கச் சொன்னாள். மறுநாள் வில்லமீன் கடைக்குப் பின்புறம் மாவு மூட்டைகளுக்கு நடுவில் நின்று டாக்டருக்குப் போன் செய்தாள். ஒரே ஒரு விஷயம் சொல்லிவிட்டு வைத்தாள்.

அடுத்த வாரம் முடிவு வந்தது.

"சிறுநீரகம் நல்லா இருக்கு," என்றாள் டாக்டர். "இதயமும் பரவாயில்ல. பொட்டாசியம்தான் ரொம்பக் குறைஞ்சிருக்கு, அழுத்தம் ஏறியிருக்கு. அப்புறம்..." வில்லமீன் பக்கம் திரும்பினாள். "நீங்க போன்ல கேட்டபடி ஈரலையும் பாக்கச் சொன்னேன். சுத்தமா இருக்கு. குடிக்கிறவர் ஈரல் இல்ல அது. கவலையே வேணாம்."

ரீனுஸ் வில்லமீனைப் பார்த்தான். கோபமாகப் பார்த்திருந்தால் தாங்கியிருப்பாள். வேலை முடிந்த வீட்டைத் தள்ளி நின்று பார்க்கிற மாதிரி, விட்டுப்போன இடம் எது என்று தேடுகிற மாதிரிப் பார்த்தான். அவன் தாடை மட்டும் மெல்ல அசைந்துகொண்டிருந்தது.

"வாயில என்ன?" என்றாள் டாக்டர்.

"ஒண்ணுமில்லையே. ட்ரோப்."

"நிறையச் சாப்பிடுவீங்களா?"

"ட்ரோப்பை யாராவது சாப்பிடுவாங்களா டாக்டர்? அது பாட்டுக்கு வாயில கிடக்கும்."

"எவ்வளவு கிடக்கும்?"

ரீனுஸ் யோசித்தான். "ஒரு பை. சில நாள் இன்னொண்ணும் உடைப்பேன். குடிக்கணும்னு தோணும்போதெல்லாம் ஒண்ணு போட்டுக்குவேன். முன்னல்லாம் அப்பப்பதான் தோணும். இந்தக் குளிர்காலத்துல வேலை இல்லாம உக்காந்திருந்தேனா, நாள் பூரா தோணிச்சு."

டாக்டர் தன் மேசைமேல் நோயாளிகளுக்காக வைத்திருந்த ட்ரோப் ஜாடியை மெதுவாக நகர்த்தி இழுப்பறைக்குள் வைத்துப் பூட்டினாள். அதிமதுரம் உடம்பில் உப்பையும் தண்ணீரையும் பிடித்து வைக்கும், பொட்டாசியத்தைத் துரத்தும், இதயத்துக்கு ஆகாது, இன்றோடு நிறுத்த வேண்டும், இரண்டு மூன்று வாரத்தில் இமை வடிந்துவிடும் என்றாள். சாப்பாட்டில் உப்பு எவ்வளவு என்று அவள் கேட்டபோது இவன் ஏன் சொல்லவில்லை என்று யாரும் அவனைக் குறை சொல்ல முடியாது. பால் பல் விழும் முன்பே வாயில் போட்ட பொருளை அந்த ஊரில் யாரும் சாப்பாட்டுக் கணக்கில் சேர்ப்பதில்லை.

வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அவன் சைக்கிளை முன்னால் விட்டுக்கொண்டு போனான். எதிர்க்காற்றில் அவளால் எட்டிப் பிடிக்க முடியவில்லை. அவள் உள்ளே நுழைந்தபோது அவன் கொட்டகையிலிருந்தும் வேனிலிருந்தும் பைகளைக் கொண்டுவந்து சமையலறைக் குப்பைத் தொட்டியில் கொட்டிக்கொண்டிருந்தான்.

"என்னைக் கேட்டிருக்கலாம், வில்."

"கேட்டா இல்லம்பே. குடிக்கலன்னாலும் இல்லம்பே, குடிச்சிருந்தாலும் இல்லம்பே. எட்டு வருஷம் அந்த இல்லையைத்தானே கேட்டேன்? எந்த இல்லை நெசம்னு நான் எதை வச்சுக் கண்டுபிடிக்கிறது?"

கடைசிப் பையைக் கையில் வைத்துக்கொண்டு நின்றான்.

"டப்பாவெல்லாம் இடம் மாறியிருந்துச்சு," என்றான். "அன்னிக்கே தெரியும். சண்டை போடத் தெம்பு இல்ல. அன்னிக்கு மட்டும் ரெண்டு பை தின்னேன்."

அவளுக்கு அழுகை வந்தது, மென்று விழுங்கினாள். அவன் பையைத் தொட்டியில் போட்டான். பிறகு வெறுங்கையைப் பார்த்துக்கொண்டு, "இனிமே தோணிச்சுன்னா நான் எதை வாயில போட்டுக்கறது?" என்று கேட்டான். கேலியாகக் கேட்கவில்லை. பயந்துபோய்க் கேட்டான்.

கேரட் வாங்கினாள், சூரியகாந்தி விதை வாங்கினாள், புதினா மிட்டாய் வாங்கினாள். ரீனுஸ் முயல்போலக் கடித்தான், எதிலும் நாக்கு ஒட்டவில்லை என்றான். எதைச் சொன்னாலும் எரிந்து விழுந்தான். சாப்பிட்ட கையோடு அணைப் பக்கம் நடக்கக் கிளம்பிவிடுவான். அவன் திரும்பும்வரை வில்லமீன் துடைத்த மேசையையே துடைத்துக்கொண்டிருப்பாள். இமைகள் டாக்டர் சொன்னபடியே வடிந்தன. பத்து வயசு குறைந்தாற்போல இருந்தான். கோபாகூட, "கரண்டி வைத்தியம் என்னிக்குப் பொய்யாச்சு?" என்று பெருமை அடித்துக்கொண்டாள். அந்தத் தெளிந்த முகத்தைக் காலையில் பார்த்தபோதெல்லாம் வில்லமீனுக்கு இன்னும் அதிகமாகத் திகில் அடித்தது. வீங்கியிருந்தவரை அவன் குடிக்காமல் இருந்தான். இப்போது எதைப் பிடித்துக்கொண்டு நிற்கிறான்?

மே மாதம் அவன் தம்பிக்கு ஐம்பது வயது. பிறந்தநாள் வீட்டில் நாற்காலிகளை வட்டமாகப் போட்டு உட்காருவார்கள், காப்பியும் கேக்கும் முடிந்ததும் சாராயக் கோப்பைகள் வரும். அந்த வட்டத்தில் உட்கார்ந்துவிட்டால் எழுந்து போவது மரியாதையில்லை. நானும் வருகிறேன் என்றாள் வில்லமீன்.

"வேணாம். நான் தனியாப் போயிட்டு வரேன்," என்றான். அவள் வாயைத் திறந்தாள், மூடிக்கொண்டாள். போகவிட்டாள். அவன் வந்து படுத்தபோது சுவர்ப் பக்கம் திரும்பி, தூங்குகிறவள் மாதிரி மூச்சு விட்டாள். முகர்ந்து பார்க்காமல் இருக்கப் போர்வையைப் பல்லில் கடித்துக்கொண்டிருந்தாள்.

விடிந்தது. திரைச்சீலை வழியே வந்த வெளிச்சத்தில் பார்த்தாள். இரண்டு இமைகளும் உப்பியிருந்தன.

மிடில்பர்க் வீடு, அக்காவின் மாடியறை, அங்கே இருக்கும் ஒற்றைக் கட்டில் எல்லாம் ஒரு கணத்தில் கண்முன் வந்து போயின. கொட்டகைக்கு ஓடவில்லை. அவன் சட்டைப் பையைத் தொடவில்லை. கட்டில் விளிம்பில் உட்கார்ந்து அவன் தோளை உலுக்கினாள்.

"ரீனுஸ். குடிச்சியா?"

கோடாகக் கண்ணைத் திறந்தான். அவளைப் பார்த்தான். வாயைத் திறந்து நாக்கை நீட்டினான். அடிநாக்கு வரை தார் பூசினாற்போலக் கறுப்பாக இருந்தது.

"தம்பி கோப்பையைக் கையில குடுத்துட்டான்," என்றான் கரகரப்பாக. "ஜன்னல்ல வச்சுட்டு எந்திரிச்சு வந்துட்டேன். எல்லாரும் பாத்தாங்க. பெட்ரோல் பங்க்ல ஒரு பை வாங்கி, சைக்கிள் பக்கத்துல நின்னே முழுசாத் தின்னேன். டாக்டர்கிட்ட சொல்லிடாத."

வில்லமீன் சிரிக்க ஆரம்பித்தாள், அது பாதியில் அழுகையாக மாறிவிட்டது. அடக்கவில்லை. குனிந்து அந்தக் கொழுத்த இமைகளில் ஒன்றை முத்தமிட்டாள், பிறகு மற்றதை.