கையெழுத்துப் போடாத அதிகாரியும் கணக்கு டீச்சரும்

1

இதில் வரும் ஒவ்வொரு சொல்லும் சத்தியம். மின்விசிறிக்கு அடியில் இடம் கிடைக்கும் என்று நீதிமன்றத்துக்குள் போனேன். கதை கிடைத்தது.

2

"விடியலின் பொன்னொளியில் அவள் கண்ணீர்..." என்று தொடங்கினேன். வேண்டாம். கணக்கு டீச்சர் அழுகிற ஆள் இல்லை.

பள்ளி நிர்வாகம் அவளை வேலைக்கு எடுத்துவிட்டது. கல்வி அதிகாரி அந்த நியமனத்துக்கு ஒப்புதல் தரவேண்டும். தராவிட்டால் அடுத்த ஆண்டு அவள் வகுப்பில் வேறொருவர் நிற்பார். அவளுக்கோ வகுப்புதான் உயிர்.

பள்ளி விட்டதும் அதிகாரியின் அலுவலகத்துக்குப் போவாள். "நாளைக்கு வாங்க" என்பார். (ஊழியர்கள் அவருக்கு வைத்திருந்த பெயரும் 'நாளைக்கு'தான்.) சும்மா உட்காரப் பிடிக்காமல், வராந்தாவில் காத்திருந்தவர்களுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுக்க ஆரம்பித்தாள். நாளடைவில் அங்கே ஒரு வேலையும் இல்லாதவர்கள்கூடக் காத்திருக்க வந்தார்கள்.

3

அவள் நாத்தனார் வக்கீல்.

"அண்ணி, ரிட் மனு போட்டாச்சு. ஆனா ஒண்ணு, கோர்ட்டு கையெழுத்துப் போடாது. 'இழுத்தடிக்காம ஒரு முடிவெடு'ன்னு அவரை உலுக்கும், அவ்வளவுதான்."

"முடிவு 'முடியாது'ன்னு வந்தா?"

"அதுக்கு எதிரா இன்னொரு கேஸ். நானும் பொழைக்கணும்ல அண்ணி!"

4

நீதிபதி கேட்டார்: "ஏங்க இவ்வளவு தாமதம்?"

[இந்த இடத்தில் அதிகாரியைக் கெட்டவராக்கப் பார்த்தேன். முறுக்கு மீசைகூட வைத்தேன். ஒட்டவில்லை.]

அதிகாரி எழுந்தார். "ஐயா, கையெழுத்துப் போட்டுட்டா டீச்சர் ஆபீசுக்கு வர மாட்டாங்க. நான் ஜன்னலோரமா நின்னு பாடத்தை ஒட்டுக் கேட்டுக்கிட்டிருக்கேன். பின்னம் பாதியில நிக்குது."

நாத்தனார் கோட்டுக்குள் முகத்தைப் புதைத்துச் சிரித்தாள். நீதிபதி சிரிக்கவில்லை. கண்ணாடியைக் கழற்றினார்.

"அது கிடக்கட்டும். பின்னத்தைப் பின்னத்தால வகுக்கச் சொன்னா, எதுக்கும்மா தலைகீழாத் திருப்பிப் பெருக்குறாங்க?"

"அரை ரொட்டியில கால் ரொட்டி எத்தனை இருக்கு, ஐயா?"

"ரெண்டு."

"முழு ரொட்டின்னா நாலு. அரைன்னா அந்த நாலுல பாதி. அதான் நாலை மேல ஏத்திப் பெருக்குறோம்."

"அடடா! இத்தனை வருஷமா ஒருத்தரும் சொல்லலையே!"

கோர்ட்டே கைதட்டியது.*

இரண்டு வாரத்துக்குள் அதிகாரி முடிவெடுக்க வேண்டும் என்று உத்தரவானது. என்ன முடிவு என்று அதில் இல்லை.

(* சுவரில் இருந்த பல்லியும் தட்டியது என்று எழுதி, அடித்துவிட்டேன். மிகைப்படுத்துவது எனக்குப் பிடிக்காது.)

5

முதல் முடிவு: ஒப்புதல் தருகிறார், வராந்தா வெறிச்சோடுகிறது. இரண்டாம் முடிவு: மறுக்கிறார், வழக்கு நீள்கிறது, அவர் இயற்கணிதம் வரைக்கும்...

டீச்சர் என்னை முடிக்கவிடவில்லை. தன் நியமனக் கோப்பை அதிகாரி முன்னால் தள்ளினாள்.

"போடுங்க சார். சாயங்காலம் பள்ளிக்கூடத்துக்கே வாங்க, கடைசி பெஞ்சு காலியாத்தான் இருக்கு. வீட்டுப்பாடம் செய்யலைன்னா மட்டும் வெளிய நிக்கணும்."

அவர் பேனாவைத் திறந்தார். முள் தாளைத் தொடுகிற...

மீதியை நீங்களே எழுதிக்கொள்ளுங்கள். உங்களுக்கும் கையெழுத்துப் போடத் தெரியும். என்னிடம் ஒரு தகவல்தான் பாக்கி: இதெல்லாம் நடந்த மாதம் முழுவதும் பள்ளிக்கும் நீதிமன்றத்துக்கும் கோடை விடுமுறை.