குட்டைச் சுவரும் பேத்தை மீனும்

1.
“ஏலே ரெக்ஸு, நான் எவனுக்குடா வெஷம் வச்சேன்?”

“அக்கா, அது நீ இல்ல. கதை.”

“கதையில வர்றவ கையிலயும் என் தீத்தழும்பா? அவளும் கொழம்புல மாங்கா போட்டு, ‘ஒரு வாய் பாரேன்’னுதான் சொல்லுவாளா?”

இந்தக் கதை பிறந்தது இந்தச் சண்டையில்தான். பாம்பனில், எங்கள் பக்கத்து வீட்டில். நான் ஒட்டுக்கேட்கவில்லை. சுவர் குட்டை.

2.
ரெக்ஸ் ஏழு வருஷமாக டிவிக்குக் கொலைத் தொடர் எழுதுகிறான். வாரம் ஒரு கொலை. எழவு வீட்டு வாசலில்கூட நிற்கப் பயப்படுகிற பயல். (இந்த வரி அவனுக்குப் பிடிக்காது. இருக்கட்டும்.) முந்நூறு கொலைக்குப் பிறகு சரக்குத் தீர்ந்து, பேத்தை மீனில் கை வைத்தான். அதன் ஈரலில் நஞ்சிருக்கு என்று சின்னதில் அவனுக்குச் சொன்னவள் அக்கா ஆஸ்லின். கருவாடு விற்று அவனைப் படிக்க வைத்தவளும் அவள்தான். கொலைகாரிக்கு ஒரு முகம் வேண்டியிருந்தது. சமைக்கிற முகம் என்று அவனுக்குத் தெரிந்தது ஒன்றுதான்.

3.
அந்தக் கொலை இரண்டு வாரக் கதை. முதல் வாரம் ஆஸ்லின் சாயல்காரி கைதாகிறாள். அதே வாரம்தான் ஆஸ்லினுக்கும் தங்கச்சிமடம் டேவிட்ராஜுக்கும் மாதா கோயிலில் முதல் கல்யாண ஓலை வாசித்திருந்தார்கள். மூன்று ஞாயிறு வாசிப்பார்கள். தடை இருந்தால் சாமியாரிடம் சொல்லலாம். மாப்பிள்ளையின் அம்மா போய், “ரெண்டாவது ஓலையைக் கொஞ்சம் நிப்பாட்டி வைங்க சாமி” என்றுவிட்டார்.*

ஆஸ்லினுக்கு முப்பத்தாறு வயசு. இது தப்பினால் இன்னொன்று வராது.

* அவரை அந்தத் தொடரைப் பார்க்கச் சொன்னது யாரென்று கேட்காதீர்கள். நான் ரெண்டே பேரிடம்தான் சொன்னேன்.

4.
ரெக்ஸ் அழுவதாக எழுதிப் பார்த்தேன். “அவன் கண்களில் வங்கக் கடலே...” வேண்டாம். அவன் அழவில்லை, டைப் அடித்தான். கொலைகாரியை மாற்றினால் வேலை போய்விடும் என்றது டிவி. மாற்றினான்.

மறு வெள்ளி நிஜக் குற்றவாளி பிடிபட்டாள். பக்கத்து வீட்டுக்காரி. குட்டைச் சுவர் வழியே சட்டியில் ஈரலைப் போட்டவள். காதில் என் கல்லுத்தோடு. வாயில் என் “நமக்கெதுக்கு வம்பு”.

5.
முடிவு ஒன்று: நான் அவன்மேல் கேஸ் போடுகிறேன். முடிவு இரண்டு: அவன் என் காலில் விழுகிறான். இரண்டும் நடக்கவில்லை.

மூன்று ஓலையும் வாசித்தாயிற்று. கல்யாணப் பந்தியில் நான் பரிமாறிய வாளிக் குழம்பை ஒருத்தரும் வாங்கவில்லை. ஆஸ்லின் மட்டும் இலையைக் காட்டினாள்.

“ஒரு வாய் ஊத்துங்க, ஜோதிமேரி சித்தி.”

அது மன்னிப்பா, கேலியா? நீங்களே எழுதிக்கொள்ளுங்கள்.

அவள் தங்கச்சிமடம் போய்விட்டாள். ரெக்ஸ் வேறு டிவிக்குப் போனான். பக்தித் தொடராம், கொலையே கிடையாதாம். வீடு பூட்டிக் கிடக்கிறது. சுவருக்கு அந்தப் பக்கம் கேட்க ஒன்றுமில்லை. அதனால்தான் எழுதுகிறேன்.