தைத்து மூடிய அத்தியாயம்

2023 நவம்பர் 14, செவ்வாய்க்கிழமை. விடியற்காலையில் தொடங்கிய மாரி மழை நண்பகல் லுஹர் தொழுகைக்குப் பின்னும் ஓயவில்லை. காத்தான்குடியிலிருந்து பார்க்க வாவியின் அக்கரை தெரியவில்லை.

முப்லிஹா தன் வாப்பாவின் உதடுகளை ஈரப்பஞ்சால் நனைத்துக்கொண்டிருந்தாள். தையற்காரரான அவள் தகப்பன் ஜிப்ரி இன்றைய பொழுதைத் தாண்டமாட்டார் என்று வைத்தியர் காலையிலேயே கூறிச் சென்றிருந்தார். தன் தம்பிக்காகக் குர்ஆனின் யாஸீன் அத்தியாயத்தை ஓதி முடித்த ஸஹீதா மாமி கிதாபை மூடியதும், ஜிப்ரி அலுமாரியை நோக்கி விரலை நீட்டினார். அவர் கேட்டது துப்பறியும் நாவல்.

"மௌத்தாகப் போற நேரத்திலயும் இவனுக்குக் கொலைதான் கேக்குது," என்றாள் மாமி. தம்பியின் காலைப் பிடித்துவிடுவதை மட்டும் அவள் நிறுத்தவில்லை.

முப்லிஹாவின் மனமும் பதினேழு ஆண்டுகளாக அதையே முணுமுணுத்து வந்தது. அவளுக்கு மூத்த சகோதரனான நௌஷாட் ஒரு காலையில் வாவிக்கரையில் வெட்டுக்காயங்களுடன் கிடந்தான். கொன்றவன் இன்றுவரை அகப்படவில்லை. அதன் பின்னரே வாப்பா இந்த நாவல்களை வாங்கத் தொடங்கினார். கொலை விழுந்த வீட்டில் கொலை எவ்வாறு பொழுதுபோக்காகும் என்று அவள் ஒருநாளும் வாய்விட்டுக் கேட்டதில்லை.

புத்தகம் வாங்கிய அன்றே, முடிவைத் திருட்டுத்தனமாகப் பார்த்துவிடாதிருக்க, கடைசி அத்தியாயத்தை ஊசியால் தைத்து மூடுவது அவர் வழக்கம். படித்து வந்து சேரும்போது பிரிப்பார் என்றே வீட்டார் நம்பியிருந்தனர். அலுமாரியைத் திறந்தவள் ஒன்றை எடுத்தாள், மற்றொன்றையும் எடுத்தாள். நாற்பதுக்கு மேற்பட்ட புத்தகங்கள். ஒன்றிலேனும் தையல் பிரிந்திருக்கவில்லை.

"கொலகாரன் ஆரெண்டு ஒண்டுலயும் பாக்கல்லையா, வாப்பா?"

அவர் இல்லையெனத் தலையசைத்தார்.

"அப்ப என்னத்துக்கு வாசிச்சீங்க?"

"இதுல செத்தவன... கைவிடல்ல, மகள். தேடுறாங்க."

மாமியின் கைகள் நின்றன.

முடிவையாவது கேட்டுவிட்டுப் போகட்டும் என்று எண்ணி, முப்லிஹா கத்தரிக்கோலை எடுத்துத் தையலில் வைத்தாள். அவர் புத்தகத்தின்மேல் கையை வைத்தார்.

"முதல்ல இருந்து."

அவள் முதலாம் பக்கத்தை விரித்தாள். இன்ஸ்பெக்டர் சேற்றில் முழங்காலிட்டு, செத்தவனின் பெயரைக் கேட்டார். முதலாவது வீட்டில் விசாரித்தார். எவருக்கும் எதுவும் தெரியாது.

"பொறகு?" என்று மாமி நெருங்கி அமர்ந்தாள்.

இன்ஸ்பெக்டர் இரண்டாவது வீட்டிற்குப் போனார். மூன்றாவது வீட்டின் கதவை அவர் தட்டியபோது மாமி மெல்லக் குனிந்து தம்பியின் கண்களை மூடினாள். முப்லிஹா நிறுத்தவில்லை. அந்தக் கதவு திறக்கும்வரை வாசித்துவிட்டுத்தான் சுவர்க் கடிகாரத்தை நிமிர்ந்து பார்த்தாள்.

மாலை நான்கு மணி பதினேழு நிமிடம்.