தில்ஷாத்தின் ஜன்னலோரம்

இந்த தேசத்தின் மனசாட்சியை என்றாவது ஒருவர் பிடித்து உலுக்கித்தான் ஆகவேண்டும். காசியில் வைத்து உலுக்குவதாகத்தான் கார்முகிலன் நினைத்திருந்தார். தயாரிப்பாளர் செலவுக்கு ஒப்புக்கொண்டது ஜோலார்பேட்டை வரைக்கும்.

பல வருஷம் தொலைக்காட்சி விவாதம் நடத்திய பத்திரிகையாளர் அவர். இப்போது ஆவணப்பட இயக்குநர். படத்தின் பெயர் 'இரண்டாய்ப் போன இந்தியா'. எல்லாம் எடுத்தாகிவிட்டது, இரண்டாய்ப் போனதைத் தவிர.

"ரெண்டு மதமும் நேருக்கு நேர் மோதுற சீன் ஒண்ணு வேணும். இல்லேன்னா படத்தை இத்தோட மூடிடலாம்" என்று தயாரிப்பாளர் போனில் சொல்லிவிட்டார். ஆம்பூர் முழுக்கத் தேடினார். இரு தரப்பும் பாலாற்றுத் தண்ணீரைப் பற்றிப் புகார் சொன்னது, அதுவும் ஒரே குரலில்.

கடைசி முயற்சியாக, ஷூ கம்பெனிப் பெண்கள் போகும் காலை பாசஞ்சரில் ஜோலார்பேட்டையில் ஏறினார். கூடவே கேமராமேன் பரணி. ஜன்னலோரம் ஒரு டிபன் பை மட்டும் உட்கார்ந்திருந்தது. அதை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு அங்கே அமர்ந்தார். வெளிச்சம் நன்றாக இருந்தது.

"சார், அங்க ஆளு வருது" என்றாள் பக்கத்தில் இருந்த பூங்குழலி.

"வரட்டும்மா. நாட்டுல இப்ப நடக்கிற விவாதங்களைப் பத்தி நீங்க என்ன நினைக்கிறீங்க?"

"ஆளு வருதுன்னு நினைக்கிறேன்."

வாணியம்பாடியில் ஏறிய தில்ஷாத் புர்காவை ஒதுக்கிக்கொண்டு நேராக ஜன்னலுக்கு வந்து நின்றாள்.

"இன்னாடி இது? எடம் புடிச்சு வைன்னா மாப்பிள்ளை புடிச்சு வச்சிருக்கே?"

"நான் பையைப் போட்டுத்தான் வச்சேன். இவரு தூக்கி மடியில வச்சிக்கினாரு. சொன்னா, நாட்டைப் பத்திக் கேக்கறாரு."

"உனக்கு வாய் இல்ல? கம்பெனியில நாள் பூரா நின்னுக்கினே ஷூவுக்குப் பசை தடவி பேஸ்டிங் போடறேன். நான் உக்கார்றதே இந்த ரயில்லதான்!"

"அப்ப நாளைக்கு ஜோலார்பேட்டைக்கு நீயே வந்து புடிச்சுக்கோ, போ!"

ஒரு பக்கம் புர்கா, ஒரு பக்கம் பொட்டு, இரண்டு பக்கமும் உச்சத்தில் குரல். கார்முகிலனுக்குக் கண் கலங்கிவிட்டது. "பரணி, விடாதே" என்று கிசுகிசுத்துவிட்டு, பழைய விவாதக் குரலில் கேட்டார்:

"சொல்லுங்க, இந்தக் கோபம் எத்தனை தலைமுறைக் கோபம்?"

"வாணியம்பாடியில இருந்துதான். எந்திரிய்யா."

"எந்திரி சார்!" என்றது பெட்டி முழுவதும். எழுந்தார். தில்ஷாத் உட்கார்ந்தாள். விண்ணமங்கலம் வருவதற்குள் பூங்குழலியின் தோளில் சாய்ந்து தூங்கியும் விட்டாள். பரணி அதை எடுக்கவில்லை. எடுக்க வேண்டாம் என்று சொல்லப்பட்டிருந்தது.

தயாரிப்பாளருக்குக் காட்சி பிடித்துப்போயிற்று. படம் வெளிவந்தது. மதங்கள் மோதிக்கொள்ள, நடுவில் இயக்குநர் வெள்ளை பேன்ட்டோடு எழுந்து நிற்கிறார். பேன்ட்டின் முன்பக்கம் நனைந்திருக்கிறது. அது டிபன் பையிலிருந்து கொட்டிய ரசம் என்று கீழே எழுத்தில் போட்டிருக்கிறார்கள்.