தயாரிப்பாளர் பிணமாகப் படுத்த மதியம்

"நான் எழுநூறு தடவை செத்தவன்டா. அதுல ஒரு தடவை, படத்தோட தயாரிப்பாளரே என் பக்கத்துல வந்து படுத்துச் செத்தாரு. அதுவும் வெள்ளைக்காரரு, உறையுற தண்ணியில!"

கென்ஃபா இப்படிச் சொன்னபோது, படப்பிடிப்பு நகரத்தின் கிழக்கு வாசலில் துணை நடிகர்கள் ஏஜெண்டின் வண்டிக்குக் காத்திருந்தார்கள். பக்கத்தில் நின்ற பாவ்ஷானுக்குச் சோயாப் பால் புரையேறியது.

"அண்ணே, போன வாரம் புலி உங்ககிட்ட மன்னிப்பு கேட்டுச்சின்னீங்க. தயாரிப்பாளர் ஹீட்டர் போட்ட காருக்குள்ள இருப்பாரு. அவருக்கு ஏன் இந்தத் தலையெழுத்து?"

"புலி கேட்டது நெசம்தான். இதையும் கேளு."

போன குளிர்காலத்தில் நடந்தது அது. அந்தத் தயாரிப்பாளர் யூஹா, பின்லாந்துக்காரர். இருபத்திரண்டு வருஷங்களுக்கு முன் இதே வாசலில் நின்றவர். அந்நியச் சிப்பாய், பாதிரியார், அபின் வியாபாரி என்று வெள்ளை முகம் சாகவேண்டிய இடத்திலெல்லாம் செத்தார். பிறகு படப்பிடிப்பில் மொழிபெயர்த்தார், வெளிநாட்டுக் கூட்டாளிகளைப் பிடித்துக்கொடுத்தார். முழுப் பொறுப்பையும் ஏற்றுத் தயாரித்த முதல் படம் இதுதான். தொடக்கச் சடங்கில் கேமராவுக்குச் சிவப்புத் துணி போர்த்தி, பன்றித்தலை படைத்து, முதல் ஊதுபத்தியை அவர்தான் ஏற்றினார்.

அன்று ஆற்றில் நாற்பது பிணங்கள் கிடந்தன. மீன்களே பஞ்சுச் சட்டை போட்டுக்கொண்டுதான் நீந்தின என்பது கென்ஃபாவின் சாட்சியம். பதினோராவது டேக்கில், அவர் பக்கத்தில் கிடந்த லாமெய் நடுங்குவதை நிறுத்திவிட்டாள்.

"மூணாவது பிணம் ரொம்ப நல்லா இருக்கு. எல்லாரும் அதைப் பாத்துக் கத்துக்குங்க!" என்று மைக்கில் பாராட்டினார் உதவி இயக்குநர்.

"ஏய் லாமெய், பேசு" என்றார் கென்ஃபா. அவள் பேசவில்லை. உதடு கத்தரிக்காய் நிறத்தில் இருந்தது. டேக் நடுவில் எழுந்த பிணத்துக்கு மறுநாள் வேலை கிடையாது. கென்ஃபா எழுந்துவிட்டார்.

"எந்தப் பிணம்டா எழுந்தது?" என்று மைக் கத்தியது.

அதற்குள் யூஹா தண்ணீரில் இறங்கிவிட்டார். அவளைத் தூக்கிக்கொண்டுபோய், ஈரமான மேல்சட்டையையும் தலைத்துணியையும் உருவிவிட்டு, தன் காரில் போட்டு ஹீட்டரைத் திருகினார். உடம்பில் உயிர் திரும்பி அவள் முனகியதும், டிரைவரை ஆஸ்பத்திரிக்கு விரட்டினார். "இன்னைக்கு இது போதும்" என்றார்.

கூடாரத்திலிருந்த தாவ் முதலாளி எழக்கூட இல்லை. படத்தில் பெரும்பங்குப் பணம் அவருடையது.

"வெயில் இன்னும் நாப்பது நிமிஷம்தான். நாளைக்கு இந்த ஆறு வேற கம்பெனிக்கு. இன்னைக்கு எடுக்கலேன்னா படம் உங்க கையில இருக்காது. பாதியில நின்னா இவங்க யாருக்கும் கூலியும் கிடையாது."

"ஆள் குறையுதே."

"ஒரு பிணம் குறைஞ்சா முன்னாடி எடுத்ததோட ஒட்டாது. அது உங்க பாடு."

யூஹா ஆற்றைப் பார்த்தார். முப்பத்தொன்பது தலைகள் தண்ணீரிலிருந்து அவரையே பார்த்தன. அவர் கோட்டைக் கழற்றி, கால்சட்டையை முழங்கால்வரை சுருட்டினார். லாமெய் விட்டுப்போன ரத்தச் சட்டையை மாட்டினார்; கை முழங்கைவரைதான் வந்தது. அவளுடைய துணியைத் தலையில் சுற்றிக்கொண்டு, அவள் கிடந்த இடத்தில் குப்புறப் படுத்தார்.

"மூக்கை இன்னும் உள்ள வைங்கண்ணே, மலை மாதிரித் தெரியுது" என்றார் கென்ஃபா. "கடைசியா எப்ப செத்தீங்க?"

"பதினேழு வருஷம் ஆச்சு. மறந்தேபோச்சு."

"மூச்சை விட்டுட்டுப் படுங்க. இழுத்துப் பிடிச்சாத்தான் முதுகு ஆடும்."

மூன்று டேக் ஆயிற்று. கடைசி டேக்கில் வெயில் சாயும்போது இயக்குநர் சரி என்றார்.

பிணமாக நடித்தவர்கள் காசு வைத்த சிவப்பு உறை வாங்கிக்கொண்டு கேமராவைப் பார்த்துச் சிரிக்கவேண்டும். அப்போதுதான் சாவு அவர்களோடு வீடுவரை வராது என்பது அங்குள்ள நம்பிக்கை. பழைய பழக்கத்தில் யூஹாவும் வரிசையில் நின்றார். உறையை வாங்கினார். பல் கிடுகிடுக்கச் சிரித்தார். எல்லோரும் சிரித்தார்கள்.

தாவ் சிரிக்கவில்லை. "முதல் ஊதுபத்தி ஏத்தின கை அது. அந்த ஆளே செத்துக் கிடந்தா படம் பிழைக்குமா?" என்று பக்கத்திலிருந்தவரிடம் கேட்டார். மூன்றாம் நாள் யூஹாவின் அலுவலகக் கதவில் வேறு பெயர் இருந்தது.

"லாமெய் பிழைச்சுட்டா. பன் கடையில நிக்கிறா, இருமிக்கிட்டே. யூஹா ஹாங்ஜோ ஊருல பிள்ளைங்களுக்கு இங்கிலீஷ் சொல்லிக்குடுக்கிறாராம்" என்று முடித்தார் கென்ஃபா.

"கதை நல்லா இருக்குண்ணே" என்றான் பாவ்ஷான். "பொய்யும் நல்லா இருக்கு."

"அந்தப் படம் இன்னைக்குத்தான்டா வருது. வா."

ஏஜெண்டின் வண்டி இருபது பேரோடு போய்விட்டது, இவர்களைக் கூப்பிடவில்லை. இருவரும் காலைக் காட்சிக்குப் போனார்கள்.

ஆற்றுக் காட்சி பத்து விநாடிதான். கேமரா கிராமத்துப் பிணங்களின்மேல் மெல்ல நகர்ந்தது. பாவ்ஷான் இருக்கை நுனிக்கு வந்தான். கென்ஃபாவுக்குப் பக்கத்தில் ஒரு நீளக் கால் தண்ணீரிலிருந்து நீட்டிக்கொண்டிருந்தது. கெண்டைக்கால் முழுக்கப் பொன்னிற ரோமம், வெயிலில் மினுமினுத்தது.

படம் முடிந்து பெயர்கள் ஏறின. தாவின் பெயர் மூன்று இடத்தில் வந்தது. டிரைவர்கள், சாப்பாடு போட்டவர்கள், குதிரைகளைப் பழக்கியவர், குதிரைகளுக்கு லாடம் அடித்தவர். எல்லாம் ஏறி முடிந்து, திரை கறுப்பானது. கென்ஃபாவின் உதடுகள் இன்னும் அசைந்துகொண்டிருந்தன, விட்டுப்போன பெயரைத் தேடுவதுபோல.

விளக்கு போட்டு, பெருக்குபவள் உள்ளே வந்தாள்.

"அண்ணே," என்றான் பாவ்ஷான், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "அவருதான். நான் பாத்தேன்."